தொண்டைத் தொழிலாக ஏற்ற அம்மையார்

கல்லூரியில் ஆண்டு முடியும் தறுவாயில் மூன்றாமாண்டு மாணவர் பலர் துறைக்கு வந்து, அடுத்து என்ன படிக்கலாம் என்று கேட்பது வழக்கம். கணிப்பொறி, வணிகவியல், ஆசிரியர் பயிற்சி என்று விடை சொல்லி அனுப்புவதும் நம் வழக்கமே. அவருள் சிலர் தயங்கித் தயங்கிச் சமூகப் பணியைப் பற்றிக் கேட்கின்றனர். அதற்கான முதுகலைப் படிப்பு நம் நகரிலேயே உண்டு. காஜாமலையில் பாரதிதாசன் பல்கலைக்கழக வளாகத்திலும், புத்தூரை அடுத்துள்ள பிஷப் ஹீபர் கல்லூரியிலும் பயிலலாம். தென்னூரிலிருந்து புறப்படும் பிள்ளைக்கு இரண்டும் தொலைவன்று. தடை வருவது வீட்டிலிருந்துதான். நன்மை செய்வதற்கு ஒரு பட்டமா, முதலில் சம்பாதித்துக்கொள், பிறகு ஓய்வு நேரத்தில் ஊருக்கு உழைக்கலாம் என்பது பெரியவர்களின் அறிவுரை. அவ்வறிவுரையை நாம் இகழவில்லை. கடனை அடைக்கவும் தங்கையைக் கரையேற்றவும் கடமைப்பட்ட மகனிடம் ஒரு தகப்பனார் வேறெதைச் சொல்வார்? ஆயினும், இக்கேள்வியைத் தம் வாழ்நாளில் மும்முறை எதிர்கொண்டு, மும்முறையும் தயங்கி, மும்முறையும் ஊதியம் குறைந்த பக்கமே நடந்த ஒருவர் நம் அண்டை ஊரிற் பிறந்திருக்கிறார். அவர் வாழ்வை இம்மலரில் எழுதுவது பொருத்தமென்று கருதினோம்.

டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி 1886ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 30ஆம் நாள், அன்று தொண்டைமான் மன்னர்களின் தனியரசாக விளங்கிய புதுக்கோட்டையிற் பிறந்தார். தந்தையார் நாராயணசாமி அய்யர் கல்விமான். மகாராஜா கல்லூரியின் தலைமைப் பொறுப்பில் இருந்தவர். தாயார் சந்திரம்மாள், கோயிலுக்குப் பொட்டுக்கட்டும் வழக்கமுடைய இசைக் குடும்பத்தில் வந்தவர். இத்திருமணத்தால் தந்தையார் தம் சுற்றத்தாரின் உறவை இழந்தார். தாயாரின் குடும்பத்தையோ ஊர் எப்போதும் ஒரு படி தாழ்த்தியே நோக்கியது. கற்றோர் வீட்டுச் செல்லப்பிள்ளை என்ற பெருமையும், பொட்டுக்கட்டிய குலத்துப் பெண் என்ற வசையும் ஒருங்கே அக்குழந்தையின் தலைமேல் ஏறின. பின்னாளில் அம்மையார் எடுத்த முடிவுகளுள் பலவற்றுக்கு விதை இங்கேதான் இருக்கிறது என்பது நம் எண்ணம்.

பருவமெய்தியதும் பள்ளி நின்றது. தாயார் மணமகன் தேடத் தொடங்கினார். தந்தையார் வீட்டிலேயே பாடம் சொல்லிக் கொடுத்தார். 1902ஆம் ஆண்டு மெட்ரிகுலேஷன் தேர்வில் தனித்தேர்வராக அமர்ந்து வென்றார் மகள். அடுத்துக் கல்லூரி. ஆடவர் மட்டுமே பயின்ற மகாராஜா கல்லூரியில் ஒரு பெண்ணைச் சேர்ப்பதா என்ற எதிர்ப்புக் கிளம்பியது. இந்தத் தாயின் மகள் வந்தால் தம் பிள்ளைகளின் ஒழுக்கம் கெடும் என்று அஞ்சிய பெற்றோரும் இருந்தனர். மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் அவ்வெதிர்ப்பைப் பொருட்படுத்தாது அனுமதி அளித்ததோடு உதவித்தொகையும் வழங்கினார். மூடுவண்டியிற் சென்று, திரைக்கு அப்பால் தனியே அமர்ந்து அம்மையார் பாடங் கேட்டார் என்பர். ஒரு மன்னரின் கையெழுத்து இல்லாதிருந்தால் இவ்வரலாறே இல்லை. விதியை விலக்கிக் கதவு திறந்துவிடும் அதிகாரியொருவர் எங்கோ இருந்தால்தான் தனியொருவரின் உறுதியும் பயன் தருகிறது என்பதை நம் மாணவர் மறத்தலாகாது.

1907ஆம் ஆண்டு சென்னை மருத்துவக் கல்லூரியிற் சேர்ந்தார். புதுக்கோட்டைக்கு அன்று இருப்புப்பாதை இல்லை. 1929ஆம் ஆண்டில்தான் திருச்சிராப்பள்ளியிலிருந்து அவ்வூருக்குத் தொடர்வண்டி ஓடத் தொடங்கிற்று. ஆகவே அக்காலத்தில் புதுக்கோட்டையார் சென்னைக்குச் செல்வதென்றால், மாட்டு வண்டியிலோ குதிரை வண்டியிலோ நம் ஊருக்கு வந்தே தொடர்வண்டி ஏற வேண்டும். உடல் வலிமை குன்றியவர், இளமையிலேயே மூச்சிரைப்பு நோய் உடையவர், பார்வையும் மங்கல். அத்தகைய மகளை அத்தனை தொலைவுக்கு அனுப்பத் தந்தையார் அஞ்சியதில் வியப்பில்லை. 1912ஆம் ஆண்டு பரிசுகளோடும் பதக்கங்களோடும் பட்டம் பெற்றார். எழும்பூர் அரசு மகப்பேறு மருத்துவமனையில் பயிற்சி மருத்துவராகப் பணியேற்றார்.

ஒரு சிறு திருத்தம். விழா மேடைகளில் அம்மையாரை இந்தியாவின் முதற் பெண் மருத்துவர் என்று போற்றுவோர் உளர். அது பிழை. ஆனந்திபாய் ஜோஷியும் காதம்பினி கங்கூலியும் மருத்துவப் பட்டம் பெற்ற ஆண்டு 1886. அதாவது அம்மையார் பிறந்த ஆண்டு. இல்லாத பெருமையை ஏற்றிச் சொல்லும் தேவை இவ்வரலாற்றுக்கு இல்லை.

சென்னையில் அம்மையாரின் மருத்துவத் தொழில் விரைந்து வளர்ந்தது. பிள்ளைப் பேற்றுக்கு ஆண் மருத்துவரை நாடக் கூசிய குடும்பங்கள் அவரைத் தேடி வந்தன. 1914ஆம் ஆண்டு மருத்துவர் சுந்தர ரெட்டியை மணந்தார். சாதி கடந்த திருமணம், பதிவுத் திருமணம். தம்மைச் சமமாக நடத்த வேண்டும், தம் விருப்பங்களுக்குக் குறுக்கே நிற்றலாகாது என்னும் உடன்பாட்டின் மேலேயே மணத்துக்கு இசைந்தார். அக்காலத்துக்கு அது சிறு செய்தியன்று. ஆண் மக்கள் இருவர் பிறந்தனர். இதற்கிடையில் சகோதரி சுப்புலட்சுமி இளங் கைம்பெண்களுக்காகத் திருவல்லிக்கேணிக் கடற்கரையில், ஐஸ் ஹவுஸ் எனப்பட்ட கட்டடத்தில் நடத்திய விடுதியில், ஊதியம் பெறாமல் மருத்துவம் பார்த்து வந்தார். நம் பெரியவர்கள் அறிவுறுத்தும் வாழ்வு இதுவே: கை நிறையத் தொழில், ஓய்வு நேரத்தில் தொண்டு. இவ்வளவோடு நின்றிருந்தாலும் நல்ல மருத்துவர், நல்ல மனம் என்று ஊர் வாழ்த்தியிருக்கும்.

1923ஆம் ஆண்டு அவருடைய தங்கை புற்றுநோயால் இறந்தார். வேறு நோயென்று கருதி மருத்துவம் செய்து நாள் கடந்துவிட்டது. உண்மை தெரிந்த போது செய்வதற்கு ஒன்றுமில்லை. உடன் பிறந்தவர் மருத்துவர், மைத்துனரும் மருத்துவர், அவ்வீட்டிலேயே இந்நிலை. அந்நோயைப் பற்றிக் கற்றறிய வேண்டுமென்ற வேட்கை அன்று பிறந்தது. 1925ஆம் ஆண்டு அரசின் உதவித்தொகை பெற்று இலண்டன் சென்றார். மகளிர் நோய், குழந்தை நோய், புற்றுநோய் ஆகியவற்றில் ஏறத்தாழ ஓராண்டு பயிற்சி பெற்றார். 1926ஆம் ஆண்டு பாரிசில் நடந்த உலக மகளிர் வாக்குரிமை மாநாட்டில் இந்தியாவின் சார்பாக உரையாற்றினார்.

தாயகம் திரும்பியதும் முதல் கேள்வி எதிர்ப்பட்டது. அடையாற்றில் 1917ஆம் ஆண்டு தோன்றிய இந்திய மாதர் சங்கத்தார், சென்னைச் சட்டசபையில் நியமன உறுப்பினராக அமரும்படி வேண்டினர். அம்மையார் தயங்கினார். கற்று வந்த கலை கையிலிருக்கிறது, நோயாளிகள் காத்திருக்கின்றனர், ஆராய்ச்சி செய்யும் எண்ணமும் உண்டு. சபைக்குச் சென்றால் இவை யாவும் சிதறும் என்பது அவர் அச்சம். இவ்வச்சத்தை மறைத்து, அழைத்தவுடன் ஓடினார் என்று எழுதுவது எளிது. தயங்கினார் என்பதே உண்மை; அதனால்தான் அவர் வாழ்வு நம் மாணவர்க்கு அருகில் நிற்கிறது.

தயக்கத்தை வென்ற காரணத்தை அவருடைய தொழிலிலேயே காணலாம். பதின்மூன்று வயதில் மணமுடித்து, பதினான்கில் பிள்ளை பெற வந்த சிறுமிகளை அவர் மேசைமேல் கண்டவர். அச்சிறுமியரின் உடற்புண்ணுக்கு மருந்துண்டு. அவர்களை அம்மேசைக்கு அனுப்பிய வழக்கத்துக்கு மருந்துப் பெட்டியில் ஒன்றுமில்லை. பொட்டுக்கட்டப்பட்ட பெண்ணின் நோயைத் தீர்த்து அனுப்பினால், அவள் திரும்பிச் செல்லும் இடம் அந்நோயைத் தந்த இடமே. நோயாளியைக் குணப்படுத்துவது ஒரு தொழில். நோயாளிகளை உண்டாக்கும் ஊரைக் குணப்படுத்துவது வேறொரு தொழில், அதற்கும் அதே கவனமும் படிப்பும் வேண்டும் என்று அவர் உணர்ந்திருக்க வேண்டும். சபைக்குச் சென்றார். துணைத் தலைவராக ஒருமனதாகத் தேர்ந்தெடுக்கப் பெற்றார். சட்டமன்றமொன்றின் துணைத் தலைமையில் ஒரு பெண் அமர்ந்தது உலகில் அதுவே முதன்முறை என்பர்.

சபையில் அவர் செய்தவற்றை முற்றும் சொல்ல இடமில்லை. பள்ளிப் பிள்ளைகளுக்கு மருத்துவச் சோதனை வேண்டுமென்றார். பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் தனி மருத்துவ வசதி கேட்டார். குழந்தை மணத் தடைக்கு ஆதரவு திரட்டினார். கல்வி வளர்ச்சியை ஆராய்ந்த ஹார்ட்டாக் குழுவில் உறுப்பினராக நாடெங்கும் சென்று வந்தார். நம் சமுதாயத்தார் நினைவிற் கொள்ள வேண்டிய ஒன்றும் உண்டு. படிக்க விரும்பிய முஸ்லிம் மாணவியர்க்குச் சென்னையில் தங்க இடமின்மை பெருந்தடையாக இருந்த நாளில், அவர்களுக்கெனத் தனி விடுதி அமைய அவர் முயற்சி துணை நின்றது. பர்தா முறையைக் காரணங்காட்டி அப்பெண்களை அறியாமையில் விட்டுவிடாமல், அம்முறையை மதிக்கும் விடுதி கிடைத்தால் பெற்றோர் அனுப்புவர் என்று நடைமுறையை அறிந்து செய்த செயல் இது. திரைக்கு அப்பால் அமர்ந்து படித்தவர் அல்லரா!

பெரும் போராட்டம் பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிப்பதிலேதான். 1927ஆம் ஆண்டு சபையில் தீர்மானம் கொணர்ந்தார். 1929ஆம் ஆண்டு இந்து சமய அறநிலையச் சட்டம் திருத்தப்பட்டது. கோயிற் பணிக்கென விடப்பட்டிருந்த மானிய நிலங்கள் அப்பணியிலிருந்து விடுவிக்கப்பட்டு அப்பெண்களுக்கே உரியனவாயின. இத்திருத்தத்தின் நுட்பத்தை நாம் கவனிக்க வேண்டும். வழக்கத்தை ஒழிக்கு முன் சோற்றுக்கு வழி எது என்று அவர் எண்ணிப் பார்த்திருக்கிறார். பொட்டுக்கட்டுவதையே தடுக்கும் மசோதாவை 1930ஆம் ஆண்டு கொணர்ந்தார். அது சட்டமானது 1947ஆம் ஆண்டில்.

எதிர்ப்பு வைதிகரிடமிருந்து மட்டும் வரவில்லை. சத்தியமூர்த்தி போன்ற தேசியத் தலைவர்கள் எதிர்த்தனர். பெங்களூர் நாகரத்தினம்மாள் முதலிய இசைக்கலைஞர்களும், தேவதாசிப் பெண்கள் பலரும் எதிர்த்தனர். எங்களை விலைமகளிரோடு சேர்த்துப் பேசுகிறீர்கள், எங்கள் கலையும் சொத்துரிமையும் போகும் என்பது அவர்கள் வழக்கு. அதில் உண்மை அறவே இல்லையென்று நாம் சொல்லத் துணியோம். அக்குலத்துப் பெண்ணுக்குத் தாய்வழிச் சொத்தும் எழுத்தறிவும் இருந்தன. பிற பெண்களுக்கு அவை அரிது. ஆனால் பொட்டுக்கட்டப்படும் சிறுமியை எவரும் கேட்டுக் கட்டுவதில்லை. மயிலாடுதுறைப் பகுதியில் அதே கொடுமையை அனுபவித்து வெளிவந்த மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் தெருத்தெருவாகப் பேசியதும் இச்சிறுமியர்க்காகவே. தம் தாயின் குலத்தாரே தம்மைப் பழிப்பதைக் கேட்டுக்கொண்டு முத்துலட்சுமி அம்மையார் நின்றார். சமூகப் பணியை விரும்பும் மாணவர், யாருக்காக உழைக்கிறோமோ அவர்களே எதிரே நின்று ஏசும் நாளும் வரும் என்பதை அறிந்தே அதில் இறங்க வேண்டும்.

1930ஆம் ஆண்டு மே மாதம் காந்தியடிகள் சிறைப்பட்டதும் அம்மையார் தம் பதவியைத் துறந்தார். இனி மருத்துவத் தொழிலுக்கு முழுமையாகத் திரும்பலாம். இது இரண்டாம் கேள்வி. அதற்கு விடையாகக் கதவைத் தட்டியவர்கள் மூன்று இளம்பெண்கள்.

பொட்டுக்கட்டும் வாழ்விலிருந்து தப்பிவந்த பெண்கள் அவர்கள். உங்கள் சொல்லைக் கேட்டு வெளியேறினோம், இனி எங்கே போவது என்று அம்மையாரின் வீட்டு வாயிலில் வந்து நின்றனர். அவர்களைச் சேர்த்துக்கொள்ளும்படி நகரத்து மாணவியர் விடுதிகளை அம்மையார் வேண்டினார். ஒரு விடுதியில் பிராமணப் பெண்களுக்கே இடம். பிராமணரல்லாதார் விடுதியிலோ, இக்குலத்துப் பெண்களைச் சேர்த்தால் மற்றவர் விலகுவர் என்ற மறுப்பு. சட்டசபையில் எத்தனை சொற்பொழிவு ஆற்றினாலும், மூன்று பெண்களுக்குப் படுக்க ஓரிடம் அந்நகரில் இல்லை. தம் வீட்டிலேயே தங்க வைத்தார். அவ்வாறு முளைத்ததே அவ்வை இல்லம். கணவனைச் சாராமல், கல்வி ஒன்றையே துணையாகக் கொண்டு ஊரூராய் நடந்தவர் என்று தமிழர் போற்றும் மூதாட்டியின் பெயரை அதற்கு இட்டதில் அம்மையாரின் தமிழுள்ளம் தெரிகிறது.

இல்லம் நடத்துவது சட்டம் இயற்றுவதைவிடக் கடினம். சட்டத்துக்கு ஒரு வாக்கெடுப்புப் போதும். இல்லத்துக்கு நாள்தோறும் மூன்று வேளை அரிசி வேண்டும். வருபவர் அனைவரும் நன்றியோடு வருவதில்லை. கோபத்தோடும் நோயோடும் பொய்யோடும் வருவர். எழுத்தறியாத பதினாறு வயதுப் பெண்ணை எந்த வகுப்பில் சேர்ப்பது? அவளைத் தேடி உறவினர் வந்து வாயிலில் கூச்சலிட்டால் என்ன செய்வது? நன்கொடையாளர் தரும் பழைய புடவைக்கும் கணக்கு எழுத வேண்டாமா? படித்து முடித்தவள் ஆசிரியையாகவோ செவிலியாகவோ தன் காலில் நிற்கும் வரை ஒருவர் உடனிருக்க வேண்டும். இவற்றையெல்லாம் ஓய்வு நேரத்திற் செய்ய இயலாது. மருத்துவ வருவாய் குறைந்தது, இல்லம் வளர்ந்தது. சாதி மதம் பாராமல் ஆதரவற்ற பெண் குழந்தைகள் பலரும் அங்கு வந்து சேர்ந்தனர். பள்ளி ஒன்றும் உடன் வளர்ந்தது. அடையாற்றில் அவ்வில்லம் இன்றும் நடைபெறுகிறது.

அக்காலத்தில் இப்பணிக்குப் படிப்போ பட்டமோ நம் நாட்டில் இல்லை என்பதையும் குறிப்பிட வேண்டும். பம்பாயில் டாட்டா அறக்கட்டளையின் சமூகப் பணிக் கல்விக்கூடம் தோன்றியது 1936ஆம் ஆண்டில். சென்னையில் மேரி கிளப்வாலா ஜாதவ் அம்மையார் சமூகப் பணிப் பள்ளியை நிறுவியது 1952ஆம் ஆண்டில். அதே ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள் நாட்டில் சமுதாய வளர்ச்சித் திட்டம் தொடங்கப் பெற்றது. ஊர்தோறும் கிராம சேவகர்கள் ஊதியத்தோடு அமர்த்தப்பட்டனர். 1953ஆம் ஆண்டு துர்க்காபாய் தேஷ்முக் தலைமையில் மத்திய சமூக நல வாரியம் அமைந்தது. சென்னை மாநில வாரியத்தின் முதல் தலைவர் பொறுப்பு முத்துலட்சுமி அம்மையாரை நாடி வந்தபோது அவருக்கு வயது அறுபத்தேழு கடந்திருந்தது. சிற்றூர்களில் பாலர் பள்ளியும் கைத்தொழிலும் மகப்பேற்று உதவியும் ஒருங்கே தரும் நிலையங்களை நிறுவுவது வாரியத்தின் வேலை. அந்நிலையங்களுக்குப் பயிற்சி பெற்ற பெண்கள் வேண்டும். அவர்களுக்குச் சம்பளம் வேண்டும். இரக்கமுள்ள சீமாட்டியரின் மாலைநேரத் தொண்டாக இருந்தது ஒரு தொழிலாக மாறிய கட்டம் இது. அம்மாற்றத்தின் இரு கரைகளிலும் நின்றவர் அம்மையார்.

மூன்றாம் கேள்வி முதுமையைப் பற்றியது. கணவர் 1943ஆம் ஆண்டு மறைந்தார். ஓய்ந்திருக்கலாம். தங்கையின் மரணம் ஓய விடவில்லை. புற்றுநோய்க்குத் தனி மருத்துவமனை வேண்டும் என்று 1935ஆம் ஆண்டு சென்னை மருத்துவக் கல்லூரியின் நூற்றாண்டு விழாவிலேயே பேசியிருந்தார். அந்நோய் கண்டவர் இறப்பது உறுதியாயிற்றே, அதற்கொரு மருத்துவமனை எதற்கு என்ற எண்ணம் ஆட்சியாளரிடமும் மருத்துவரிடமும் ஊறியிருந்த காலம். மாதர் சங்கத்தின் வழியே நிதி திரட்டினார். பணமுள்ளோர் வீட்டுப் படிகளில் ஏறி இறங்கினார். 1952ஆம் ஆண்டு அக்டோபர் 10ஆம் நாள் பிரதமர் நேரு அடிக்கல் நாட்டினார். 1954ஆம் ஆண்டு ஜூன் 18ஆம் நாள், பன்னிரண்டு படுக்கைகளோடு அடையாறு புற்றுநோய் நிலையம் திறக்கப்பெற்றது. தங்கை இறந்து முப்பத்தோராண்டுகள் கழித்து! அவருடைய இளைய மகன் டாக்டர் கிருஷ்ணமூர்த்தி அங்கேயே பணியாற்றினார். 1955ஆம் ஆண்டு அங்கு வந்து சேர்ந்த இளம் மருத்துவர் சாந்தா, 2021ஆம் ஆண்டு தாம் மறையும் வரை அவ்வளாகத்தை விட்டு அகலவில்லை.

1956ஆம் ஆண்டு இந்திய அரசு பத்மபூஷண் விருது வழங்கியது. 1968ஆம் ஆண்டு ஜூலை 22ஆம் நாள் அம்மையார் இயற்கை எய்தினார்.

ஏழைக் கருவுற்ற பெண்களுக்குத் தமிழக அரசு வழங்கும் நிதியுதவித் திட்டம் அவர் பெயரையே தாங்கியுள்ளது. சுகாதார நிலையத்தின் வாயிலில் அவ்விண்ணப்பத்தை நிரப்பத் தெரியாமல் நிற்கும் பெண்களுக்கு, பக்கத்தில் அமர்ந்து எழுதிக் கொடுப்போர் உண்டு. சென்ற ஆண்டு அவ்வாறு எழுதிக் கொண்டிருந்த ஒரு மாணவியைத் தென்னூரில் கண்டோம். முன்பு நம் துறையில் தமிழ் பயின்றவர். இப்போது சமூகப் பணி முதலாண்டு. இதில் என்ன சம்பளம் வரும் என்று வீட்டில் இன்னும் கேட்கிறார்களா என்று வினவினோம். கேட்கிறார்கள் என்று சொல்லிவிட்டு, வரிசையில் அடுத்து நின்ற பெண்ணின் தாளை வாங்கிக்கொண்டார்.